கரை ஒதுங்கும் திமிங்கிலத்தைக் கடலுக்குள் தள்ளிவிட்டால் போதுமா? அலாஸ்கா பனிக்கடல் முதல் கொங்கண் கரை வரை

மும்பை: 2016 ஜனவரியில், பதினேழு நாள் இடைவெளியில், இந்தியாவின் இரு கடற்கரைகளிலிருந்து திமிங்கிலச் செய்திகள் வந்தன. ஜனவரி 11-ஆம் தேதி மாலை முதல் தூத்துக்குடி மாவட்டத்தின் ஆலந்தலைக்கும் மணப்பாட்டுக்கும் இடைப்பட்ட கரையில் 80-க்கும் மேற்பட்ட பைலட் திமிங்கிலங்கள் கூட்டமாகக் கரையேறின. ஜனவரி 28-ஆம் தேதி இரவு, மும்பை ஜுஹூ கடற்கரையில் 30 அடிக்கும் அதிக நீளமுள்ள பிரைடு வகைத் திமிங்கிலம் ஒன்று ஒதுங்கியது.

மும்பைத் தமிழர்களுக்கு இவ்விரு கரைகளுமே அந்நியமானவை அல்ல. தாராவியில் வேரூன்றிய தமிழ்க் குடும்பங்களில் கணிசமானவை திருநெல்வேலி, தூத்துக்குடி வட்டாரங்களிலிருந்து வந்தவை. ஜுஹூவோ, மாட்டுங்காவிலிருந்தும் செம்பூரிலிருந்தும் ஞாயிறு மாலைகளில் காற்று வாங்கச் செல்லும் இடம். சொந்த ஊர்க் கடற்கரையும் வாழும் நகரின் கடற்கரையும் ஒரே மாதத்தில் ஒரே வகைச் செய்தியில் இடம்பெற்றன.

ஆனால், அவை ஒரே வகை நிகழ்வுகள் அல்ல. ஜுஹூவுக்கு வந்தது உயிரற்ற உடல். அங்கே காப்பாற்றுவதற்கு எதுவும் மிச்சமில்லை. மணப்பாட்டில் கரையேறியவை உயிருடன் இருந்தன. ‘திமிங்கிலம் கரை ஒதுங்கியது’ என்ற ஒரே தலைப்பின் கீழ் இவை எல்லாம் வெளியாவதால், எந்தத் திமிங்கிலத்தைக் காப்பாற்ற இயலும், எதனைக் காப்பாற்ற இயலாது என்ற கேள்வி பெரும்பாலும் எழுவதே இல்லை. விலங்கு ஏன் அங்கே வந்து சிக்கியது என்பதைப் பொறுத்தே அதன் பிழைப்பு அமைகிறது.

பனியில் சிக்கிய மூன்று திமிங்கிலங்கள்

உலகம் அறிந்த திமிங்கில மீட்புகளில் முதன்மையானது 1988 அக்டோபரில் அமெரிக்காவின் அலாஸ்கா மாநிலத்தில், ஆர்க்டிக் கடலோரமுள்ள பேரோ என்ற ஊருக்கு அருகே நிகழ்ந்தது. அவ்வூரின் இன்றைய பெயர் உட்கியாக்விக். குளிர்காலம் தொடங்கும் முன் தெற்கு நோக்கிப் புறப்பட்டிருக்க வேண்டிய மூன்று சாம்பல் திமிங்கிலங்கள், காலம் தாழ்த்திவிட்டதால் சூழ்ந்து உறையத் தொடங்கிய பனிக்குள் அகப்பட்டுக்கொண்டன. அக்டோபர் 7-ஆம் தேதி இனுபியாட் இனத்தைச் சேர்ந்த வேட்டைக்காரர் ராய் அமாகாக் அவற்றைக் கண்டார்.

திமிங்கிலம் மீன் அல்ல. நம்மைப் போல நுரையீரலால் மூச்சுவிடும் பாலூட்டி. சில நிமிடங்களுக்கு ஒருமுறை அது நீர்மட்டத்துக்கு வந்தாக வேண்டும். ஆர்க்டிக்கிலேயே வாழும் வில்தலைத் திமிங்கிலம் தடித்த தலையால் பனியை முட்டி உடைக்கவல்லது. சாம்பல் திமிங்கிலத்துக்கு அந்த ஆற்றல் போதாது. எனவே அந்த மூன்றும் பனிப்பரப்பில் எஞ்சியிருந்த சிறு திறப்பு ஒன்றில் மாறிமாறித் தலை நீட்டி மூச்சுவிட்டுக் கொண்டிருந்தன. அத்திறப்பும் நாளுக்கு நாள் சுருங்கி வந்தது.

செய்தி தொலைக்காட்சிக்குச் சென்றதும் உலகமே அங்கே திரும்பியது. பனியை நொறுக்குவதற்காக மிதவைக் கலம் ஒன்றை ஹெலிகாப்டர்களால் இழுத்துவரும் முயற்சி நடந்தது; அது பாதியிலேயே தோற்றது. பலன் தந்தது உள்ளூர் மக்களின் எளிய வழிதான். திமிங்கில வேட்டையைத் தலைமுறை தலைமுறையாகச் செய்துவரும் இனுபியாட் மக்கள், மரம் அறுக்கும் மோட்டார் ரம்பங்களால் பனியில் வரிசையாகத் துளைகளை வெட்டினர். ஒரு துளையிலிருந்து அடுத்த துளைக்கு, கரையிலிருந்து திறந்த கடலை நோக்கித் திமிங்கிலங்களை நடத்திச் செல்வது அவர்கள் திட்டம். மினசோட்டா மாநிலத்திலிருந்து இருவர் கொண்டுவந்த, நீரைக் கலக்கிக்கொண்டே இருக்கும் சிறிய கருவிகள் துளைகள் மீண்டும் உறையாமல் காத்தன.

மூன்றில் இளையது அக்டோபர் 21-ஆம் தேதி மூழ்கியது, பின்னர் தென்படவில்லை. மற்ற இரண்டுக்கும் வழி திறப்பதற்காக, பனிப்போர் முடியாத அக்காலத்திலும் அமெரிக்காவின் வேண்டுகோளை ஏற்று சோவியத் ஒன்றியம் ‘அட்மிரல் மகரோவ்’, ‘விளாதிமிர் அர்செனியெவ்’ என்ற இரு கப்பல்களை அனுப்பியது. அக்டோபர் 28-ஆம் தேதி பனியை உடைத்துக் கால்வாய் திறக்கப்பட்டது. ஏறத்தாழ 10 லட்சம் டாலர் செலவான இம்முயற்சி பிற்காலத்தில் ‘பிக் மிராக்கிள்’ என்ற ஹாலிவுட் படமாகவும் வந்தது. அந்த இரு திமிங்கிலங்களின் உடலில் கண்காணிப்புக் கருவி எதுவும் பொருத்தப்படவில்லை. ஆகவே அவை கலிபோர்னியா வரை சென்று சேர்ந்தனவா என்பதற்குச் சான்று கிடையாது. மீட்பின் முடிவாகக் கொண்டாடப்பட்ட காட்சி, உண்மையில் கேமராக்கள் அணைந்த தருணம் மட்டுமே.

இதற்கு மூன்று ஆண்டுகளுக்கு முன்பே, 1985-இல், சோவியத் ஒன்றியத்தின் சுகோட்கா கரையருகே பனியில் சிக்கிய பெருந்தொகையான வெள்ளைத் திமிங்கிலங்களை ‘மாஸ்க்வா’ என்ற பனி உடைக்கும் கப்பல் விடுவித்தது. வழி திறந்த பின்னும் கப்பலைப் பின்தொடரத் தயங்கிய அவற்றை, ஒலிபெருக்கியில் செவ்வியல் இசையை ஒலிக்கவிட்டு அழைத்துச் சென்றதாகச் சொல்லப்படுகிறது.

இவ்விரு மீட்புகளுக்கும் பொதுவான ஓர் அனுகூலம் உண்டு. சிக்கிய திமிங்கிலங்கள் நீரிலேயே இருந்தன. அவை நோயுற்று வந்தவையும் அல்ல. அவற்றுக்குத் தேவைப்பட்டது மூச்சும் வழியும் மட்டுமே. அதனால்தான் மூன்று வாரங்கள் வரை போராட நேரம் கிடைத்தது. மணற்கரையில் அந்த நேரம் கிடைப்பதில்லை.

மணலில் என்ன நிகழ்கிறது?

கடல்நீர் தாங்கிப் பிடிக்கும் வரை திமிங்கிலத்துக்குத் தன் எடை தெரிவதில்லை. தரையில் கிடத்தப்பட்டதும் பல டன் எடை அதன் நெஞ்சின் மீதே இறங்குகிறது. ஒவ்வொரு மூச்சுக்கும் அது தன் உடலையே தூக்கியாக வேண்டும். அடிப்பக்கத் தசைகள் நசுங்கி, இரத்த ஓட்டம் தடைப்பட்டு, சிதைந்த தசையிலிருந்து வெளிப்படும் புரதம் இரத்தத்தில் கலந்து சிறுநீரகத்தைப் பழுதாக்குகிறது. கட்டிட இடிபாடுகளில் பல மணி நேரம் சிக்கியிருந்து மீட்கப்பட்டவர்களுக்குப் பின்னர் சிறுநீரகம் செயலிழப்பதும் இதே காரணத்தால்தான். எனவே, வெளித்தோற்றத்தில் காயமின்றிக் கடலுக்குத் திரும்பும் திமிங்கிலமும் ஓரிரு நாள்களில் இறக்கக்கூடும்.

இரண்டாவது ஆபத்து வெப்பம். குளிர்நீரில் உடல் சூட்டைக் காக்கும் தடித்த கொழுப்புப் படலம், வெயிலில் சூட்டை வெளியேற விடாத போர்வையாகிவிடுகிறது. அலாஸ்காவில் குளிர் பகையாக இருந்தது; கொங்கண் கரையில் வெயிலே பகை. மூன்றாவது, தலையின் உச்சியிலுள்ள மூச்சுத்துளை. விலங்கு ஒருபக்கமாகச் சாய்ந்து கிடக்கும்போது ஏறிவரும் அலை அத்துளைக்குள் புகுந்தால், கடலிலேயே பிறந்து வளர்ந்த அவ்வுயிர் முழங்கால் அளவு நீரில் மூழ்கி இறந்துபோகும்.

காப்பாற்ற விரும்புவோர் இயல்பாகச் செய்யும் முதல் காரியம் வாலில் கயிறு கட்டி இழுப்பது. மீட்பு வல்லுநர்கள் தவிர்க்கச் சொல்லும் முதல் காரியமும் அதுவே. வாலடி முதுகெலும்பின் தொடர்ச்சி. பல டன் எடையை அவ்விடத்தில் கயிறு போட்டு இழுத்தால் மூட்டு விலகும், தசை கிழியும். வால் முன்னும் தலை பின்னுமாக இழுபடும்போது மூச்சுத்துளை நீருக்குள் அமிழ்ந்தும் போகலாம். கரை ஒதுங்கல்கள் அடிக்கடி நிகழும் நியூசிலாந்தில், உடலுக்கு அடியில் விரிப்பைச் செலுத்தி இருபுறமும் காற்றடைத்த மிதவைகளைப் பூட்டி, விலங்கை நிமிர்த்தியபடியே மிதக்கவைக்கும் முறையைக் கையாளுகின்றனர். ஆயினும் இம்மிதவைகள் பைலட் திமிங்கில அளவுக்கே பொருந்துவன. 40 அடி நீளத் திமிங்கிலத்துக்கு அவை போதா.

ரேவதண்டாவும் கண்பதிபுலேவும்

மும்பைக்குத் தெற்கே, அலிபாக் அருகிலுள்ள ரேவதண்டா கடற்கரையில் 2015 ஜூன் 24-ஆம் தேதி ஒரு நீலத் திமிங்கிலம் உயிருடன் கரை ஒதுங்கியது. நீளம் 42 அடி. நீலத் திமிங்கிலம் முழு வளர்ச்சியில் 80 அடியைத் தாண்டும் என்பதால், இது வளர்ந்துகொண்டிருந்த இளம் விலங்கே. மீனவர்களும் வனத்துறையினரும் பல மணி நேரம் முயன்றும் அதனை ஆழ்கடலுக்குக் கொண்டுசெல்ல இயலவில்லை. மறுநாள் அது இறந்தது.

2023-இல் தீபாவளிக்கு மறுநாளான நவம்பர் 13 அன்று, ரத்னகிரி மாவட்டம் கண்பதிபுலே கடற்கரையில் திமிங்கிலக் குட்டி ஒன்று உயிருடன் ஒதுங்கியது. புகழ்பெற்ற விநாயகர் கோயில் அமைந்த அவ்வூர் விடுமுறைக் கூட்டத்தால் நிறைந்திருந்த நேரம். குட்டியின் மீது ஈரத் துணி போர்த்தினர். நீரை ஊற்றிக்கொண்டே இருந்தனர். கால்நடை மருத்துவர்கள் வந்தனர். ஏறக்குறைய 40 மணி நேரப் போராட்டத்துக்குப் பின், இழுவைப் படகின் துணையுடன் அது ஆழ்கடலில் விடப்பட்டது. கரையில் இருந்தோர் ஆரவாரித்தனர்; நாடெங்கும் நற்செய்தியாக அது வெளியானது. அக்குட்டி அடுத்த சில நாள்களுக்குள் இறந்து மீண்டும் கரைக்கு வந்தது. முதல் செய்தியைப் படித்தவர்களில் பலரை இரண்டாவது செய்தி எட்டியிருக்காது.

இங்கே யாரையும் குறை சொல்வதற்கில்லை. கண்பதிபுலேயில் நின்றவர்கள் தங்களால் இயன்ற அனைத்தையும் செய்தனர். ஆனால் தனியாகக் கரை ஒதுங்கும் பெருந்திமிங்கிலம் பெரும்பாலும் நோயுற்றோ, கப்பல் மோதிக் காயம்பட்டோ, வலையில் சிக்கி வலுவிழந்தோ வருகிறது. தனித்து வரும் குட்டியின் நிலை இன்னும் கடினம். தாய்ப்பால் மறவாத குட்டியைத் தாயில்லாத கடலில் விடும்போது அதற்கு உணவு கிடையாது. கடலில் விடுவது அதைக் காப்பதாகுமா, அல்லது அதன் இறப்பை நம் கண்ணுக்கு அப்பால் நகர்த்துவதாகுமா என்ற கேள்வியைக் கடல்வாழ் பாலூட்டி மருத்துவம் வளர்ந்த நாடுகளில் வெளிப்படையாகவே விவாதிக்கின்றனர். அங்கே பிழைக்க வழியில்லாத விலங்கை வலியின்றி இறக்கச் செய்வதும் ஏற்கப்பட்ட முடிவுகளில் ஒன்று.

இந்தியாவில் திமிங்கிலங்கள் 1972-ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ளன. புலிக்குரிய அதே பாதுகாப்பு. மீள இயலாத அளவுக்கு நோயுற்ற அல்லது ஊனமுற்ற அட்டவணை விலங்கின் உயிரை முடிக்க, மாநிலத் தலைமை வன உயிரினக் காப்பாளர் காரணங்களைப் பதிவுசெய்து எழுத்து வழியாக அனுமதிக்கலாம் என அச்சட்டத்தின் 11-ஆவது பிரிவு கூறுகிறது. ஆனால், பல டன் எடையுள்ள உயிருக்குத் தேவையான மருந்தின் அளவும், ஆயிரக்கணக்கானோர் சூழ்ந்து நிற்கும் கடற்கரையும் அம்முடிவை எளிதாக்குவதில்லை.

கூட்டமாக வந்தவை வேறு

மணப்பாட்டில் நிகழ்ந்தது மேற்கண்ட இரண்டிலிருந்தும் வேறுபட்டது. பைலட் திமிங்கிலங்கள் உண்மையில் ஓங்கில் குடும்பத்தைச் சேர்ந்தவை. தாய்வழி உறவுக் கூட்டமாக வாழ்வன. ஒன்று தடுமாறினால் மற்றவை அதை விட்டு நீங்குவதில்லை. நோயுற்ற ஒன்றையோ வழிதவறிய ஒன்றையோ பின்தொடர்ந்து, உடல்நலமுள்ள முழுக் கூட்டமுமே கரையேறிவிடும். சரிவு குறைந்த மணற்பாங்கான கரையில் அவற்றின் எதிரொலி உணர்வு பிழைபடுவதும், நீருக்கடியில் எழும் பேரொலிகள் அவற்றைக் கலைப்பதும் காரணங்களாக ஆராயப்படுகின்றன. 1973 ஜனவரியிலும் இதே கரைப்பகுதியில் 147 பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கியதை மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலைய விஞ்ஞானிகள் பதிவுசெய்துள்ளனர்.

2016-இல் மீனவர்கள் இரவோடு இரவாகக் கடலில் இறங்கினர். தள்ளியும் கயிறு கட்டிப் படகுகளில் இழுத்தும் 36 திமிங்கிலங்களைக் கடலுக்குத் திருப்பினர், 45 இறந்தன. ஆழத்தில் விடப்பட்டவற்றுள் சில மீண்டும் கரைக்கே வந்தன. கரையில் கிடக்கும் உறவுகளின் குரல் கேட்கும் வரை பைலட் திமிங்கிலம் திரும்பிச் செல்லாது. ஆகவே ஒவ்வொன்றாக விடுவதைவிட, மிதக்கத் தொடங்கியவற்றை ஆழமற்ற நீரிலேயே ஒன்றாகத் தேக்கிவைத்து, கூட்டமாகச் செலுத்துவதே பயனளிக்கிறது.

2020 நவம்பர் 2-ஆம் தேதி இலங்கையின் பாணந்துறைக் கரையில் ஏறத்தாழ 120 பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கியபோது, கொரோனா ஊரடங்கையும் பொருட்படுத்தாமல் உள்ளூர் மக்கள் கடற்படையினருடன் விடிய விடிய நின்று அவற்றைத் திருப்பி அனுப்பினர். இறந்தவை ஒருசிலவே. மணப்பாட்டு மீனவர்களுக்கு இல்லாத கடற்படைப் படகுகளும் உடனடி ஒருங்கிணைப்பும் பாணந்துறையில் இருந்தன. உழைப்பில் இரு கரையினருக்கும் வேறுபாடில்லை.

மும்பைக்கு இயற்கை அளித்துள்ள ஒரு வாய்ப்பு

தூத்துக்குடிக் கரையில் கடலேற்றத்துக்கும் வற்றத்துக்கும் இடையிலான வேறுபாடு ஒரு மீட்டருக்கும் குறைவு. மும்பையில் அது அமாவாசை, பௌர்ணமி நாள்களில் நான்கு மீட்டரையும் தாண்டும். மழைக்காலத்தில் மாநகராட்சி வெளியிடும் கடலேற்ற நேர எச்சரிக்கைகள் நகரவாசிகளுக்குப் பழக்கமானவையே. வற்றத்தின்போது பரந்த சேற்றுமணலில் சிக்கிய திமிங்கிலத்துக்கு, ஏறத்தாழ ஆறு மணி நேரத்தில் கடலே திரும்பி வருகிறது. அதுவரை விலங்கை உயிருடன் வைத்திருப்பதே மீட்போரின் வேலை. வறண்ட மணலில் இழுப்பதற்குச் செலவிடும் நேரத்தை, அதன் உடலைக் குளிர்விப்பதிலும் நெஞ்சின் இருபக்கத் துடுப்புகளுக்கு அடியில் குழி பறித்து எடையைத் தளர்த்துவதிலும் செலவிடலாம். ஈரத் துணி போர்த்தும்போது மூச்சுத்துளையை மூடிவிடக் கூடாது. அதற்குள் நீர் செல்லவும் கூடாது. அப்பால், கூச்சலும் கேமரா ஒளியும் தற்படங்களும் இல்லாத இடைவெளி வேண்டும். சொல்வது எளிது, ஜுஹூவில் மாலை ஆறு மணிக்கு அதைச் செய்து காட்டுவது எளிதன்று.

மகாராஷ்டிரத்தின் கடற்கரை நீளம் 720 கிலோமீட்டர். அதன் பெரும்பகுதியில் கரை ஒதுங்கும் உயிரை முதலில் காண்பவர் மீனவரே. பேரோவில் முதலில் கண்டவரும் கடலை நம்பி வாழ்ந்த ஒருவர்தான். வர்சோவா, வொர்லி, ஏன், தாராவியின் ஓரத்திலேயே உள்ள கோலிவாடா வரை, நகரத்துக்கு முன்பே இங்கிருந்த கோலி மீனவர்கள் இன்றும் இக்கரையை அறிந்தவர்கள். ஆனால் வலையில் சிக்கிய பெரிய உயிரை விடுவிப்பது என்றால் வலையை அறுத்தாக வேண்டும். வலையின் விலையோ ஒரு பருவ வருமானத்தையே விழுங்கக்கூடியது. இதனை உணர்ந்து, பாதுகாக்கப்பட்ட கடலுயிரை விடுவிக்க வலையை அறுக்கும் மீனவருக்கு ரூ.25,000 வரை இழப்பீடு வழங்கும் திட்டத்தை மகாராஷ்டிர வனத்துறையின் சதுப்புநிலக் காடுகள் பிரிவும் மீன்வளத் துறையும் 2018 டிசம்பரில் தொடங்கின. திமிங்கிலம் என்றாலே அம்பர்கிரிஸ் பறிமுதல் செய்திகளை மட்டுமே படித்துப் பழகிய நமக்கு, இத்தகைய திட்டம் இருப்பது பரவலாகத் தெரியாமல் போனதில் வியப்பில்லை.

மத்தியச் சுற்றுச்சூழல் அமைச்சகமும் கரை ஒதுங்கும் பெரிய கடலுயிர்களைக் கையாள்வதற்கான தேசிய வழிகாட்டுதல்களை 2021 ஜனவரி 28-ஆம் தேதி வெளியிட்டது. ஜுஹூவில் அந்தத் திமிங்கிலம் ஒதுங்கி ஐந்து ஆண்டுகள் நிறைவுற்ற நாள் அது, தற்செயலே. அரசுத் துறைகள், தன்னார்வலர்கள், மீனவச் சமூகம் ஆகியோர் ஒருங்கிணைந்து செயல்படுவதை அவ்வழிகாட்டுதல்கள் வலியுறுத்துகின்றன. இறந்து ஒதுங்கும் உடலும் அதில் கணக்கில் கொள்ளப்படுகிறது. உடற்கூறாய்வில் வயிற்றிலுள்ள பிளாஸ்டிக், கப்பல் மோதிய எலும்பு முறிவு, வலைக்கயிற்றின் தழும்பு ஆகியவை தெரியவந்தால், அடுத்த திமிங்கிலம் ஏன் வந்தது என்பதற்குக் காரணம் தேட அவை உதவும். ஆராயாமல் அவசரமாகப் புதைக்கப்படும் உடலோடு அத்தடயமும் புதைந்துபோகிறது. தென்மேற்குப் பருவக்காற்று கரை நோக்கி வீசும் ஜூன் முதல் செப்டம்பர் வரையிலான மாதங்களில் இத்தகைய உடல்கள் மேற்குக் கரைக்கு அதிகம் வருகின்றன.

மகாராஷ்டிரத்தில் கரை ஒதுங்கிய திமிங்கிலத்தையோ ஓங்கிலையோ காண்போர், வனத்துறையின் கட்டணமில்லா எண் 1926-க்குத் தகவல் தரலாம். அழைப்பவர் சில விவரங்களைத் தெரிவித்தால் வருவோர் ஆயத்தமாக வர இயலும்: உயிர் இருக்கிறதா, ஒன்றா கூட்டமா, உத்தேச நீளம் எவ்வளவு, நிமிர்ந்து கிடக்கிறதா பக்கவாட்டில் சாய்ந்துள்ளதா, ஒரு நிமிடத்துக்கு எத்தனை முறை மூச்சுவிடுகிறது, கடல் ஏறிவருகிறதா வற்றிக்கொண்டிருக்கிறதா.